அசையாத படமும் ஓயாத கத்தரிக்கோலும்

பதினாறாம் நாள் காரியத்துக்குப் பந்தல் போட்டால் இப்போதெல்லாம் கூடவே ஒரு பெரிய டி.வி.யும் வந்துவிடுகிறது. போனவரின் பழைய படங்களை ஸ்டுடியோக்காரர் வரிசையாகக் கோத்து ஓடவிடுகிறார். ஏதோ ஒரு கல்யாணத்தில் எடுத்த குரூப் போட்டோ முதலில் முழுசாக நிற்கும். பிறகு மெல்ல மெல்ல நகர்ந்து, இரண்டாம் வரிசையில் யாருடைய தோளுக்கோ பின்னால் நிற்கும் அந்த ஒரு முகத்தில் போய் நிலைக்கும். பின்னணியில் புல்லாங்குழல். அதுவரை ஊர்வம்பு பேசிக்கொண்டிருந்தவர்கள் பேச்சை நிறுத்திவிட்டு நிமிர்ந்து பார்ப்பார்கள். படம் அசையவே இல்லை, அசைந்தது நம் பார்வைதான். ஆனாலும் அந்த ஆள் ஒரு கணம் திரும்பிப் பார்த்த மாதிரி இருக்கும்.

ஆப்பிள் கம்பெனியின் ஐமூவி மென்பொருளில் இந்த வசதிக்கு ஒரு மனிதரின் பெயரையே வைத்திருக்கிறார்கள்: கென் பர்ன்ஸ் எஃபெக்ட். ஸ்டீவ் ஜாப்ஸ் அவரைக் கூப்பிட்டுக் காட்டி, பெயரைப் பயன்படுத்திக்கொள்ளலாமா என்று கேட்டார். வியாபாரப் பொருளுக்குப் பெயர் தருவதில்லை என்று முதலில் மறுத்த பர்ன்ஸ், தொண்டு அமைப்புகளுக்குக் கணினிகள் தருவதாகப் பேசி முடித்த பிறகே சம்மதித்தார். அந்தப் பெயருக்குரியவர் யாரென்று தெரியாமலே நம் ஊர் ஸ்டுடியோக்களில் அவருடைய கை ஓடிக்கொண்டிருக்கிறது.

பர்ன்ஸ் 1953இல் நியூயார்க்கின் புரூக்ளினில் பிறந்தவர். நாற்பது ஆண்டுகளுக்கு மேலாக அமெரிக்கப் பொதுத் தொலைக்காட்சியான பி.பி.எஸ்ஸுக்கு வரலாற்று ஆவணப்படம் எடுத்துவருகிறார். பாலம், உள்நாட்டுப் போர், பேஸ்பால், ஜாஸ், தேசியப் பூங்காக்கள், மதுவிலக்கு, வியட்நாம், கன்ட்ரி இசை, முகம்மது அலி, அமெரிக்காவைத் தாண்டி லியனார்டோ டா வின்ச்சி வரைக்கும் அவர் கை வைக்காத பொருள் குறைவு. பன்முகத் திறமை என்ற அடைமொழியை அவருக்குக் கொடுக்க யாரும் தயங்குவதில்லை.

அவருக்குப் பக்கத்தில் நான் நிறுத்த விரும்புகிறவர் பிரெஞ்சுக்காரரான குளோத் லான்ஸ்மான். 1925இல் பாரிஸுக்கு அருகே பிறந்து 2018இல் மறைந்தவர். நாற்பது வயதுக்கு மேல்தான் சினிமாவுக்கே வந்தார். எடுத்தவை விரல்விட்டு எண்ணிவிடக் கூடியவை. அவற்றிலும் பெரும்பாலானவை ஒரே விஷயத்தைச் சுற்றியவை: ஐரோப்பிய யூதர்கள் கொல்லப்பட்டது. 1985இல் வெளிவந்த ‘ஷோவா’ ஒன்றுக்காகவே அவர் பெயர் நிற்கிறது. ஒன்பதரை மணி நேரப் படம். வேலை ஏறத்தாழ 12 ஆண்டு.

இந்த இருவரில் பன்முகம் யாருக்கு என்று கேட்டால் பர்ன்ஸுக்கு என்பதுதான் வாய்க்கு முதலில் வரும் பதில். படங்களைத் திரும்பத் திரும்பப் பார்த்த பிறகு எனக்கு அதில் சந்தேகம் வந்துவிட்டது. பர்ன்ஸ் பல பொருள்களை ஒரே நடையில் சொன்னவர். லான்ஸ்மான் ஒரே பொருளுக்காக ஒவ்வொரு சாட்சியிடமும் வேறு வேறு வேஷம் கட்டியவர். இதை வைத்துத்தான் இருவரையும் ஒப்பிடப் பார்க்கிறேன். அதற்கு முன், இருவருக்கும் பொதுவான ஒன்றைச் சொல்லியாக வேண்டும். இருவரையும் உருவாக்கியது கையில் படம் இல்லாத நிலைமை.

பர்ன்ஸின் தாய் புற்றுநோயோடு பல ஆண்டு போராடி 1965இல் இறந்தார். மகனுக்கு அப்போது 11 வயது. சாவு வீட்டில்கூட அழாத அப்பா, பின்னொரு நாள் தொலைக்காட்சியில் ஒரு பழைய சினிமாவைப் பார்த்துக் கண்ணீர் விட்டதைப் பையன் பார்த்தான். சினிமா எடுப்பது என்று அன்றே முடிவு செய்ததாகப் பர்ன்ஸ் பல பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். பின்னாளில் உளவியலாளரான அவருடைய மாமனார் வேறொன்றைக் கவனித்தார்: இவர் தொழிலே செத்தவர்களை எழுப்புவது, எழுப்ப நினைக்கும் ஆள் யார் என்பதைத்தான் இவர் கேட்டுக்கொள்ளவில்லை. ஒரு கலைஞனைத் தாயின் மரணத்தை வைத்து முழுக்க விளக்கிவிடும் விமர்சனத்தில் எனக்குப் பெரிய நம்பிக்கை கிடையாது. ஆனால் பர்ன்ஸே இதை ஏற்றுக்கொண்டு சொல்லும்போது தள்ளிவிடவும் முடியவில்லை.

ஹாம்ப்ஷயர் கல்லூரியில் அவருக்குக் கற்பித்த ஜெரோம் லீப்லிங், எலெய்ன் மேயஸ் இருவருமே புகைப்படக்காரர்கள். அசையாத படத்தின் முன் பொறுமையாக நிற்கும் பழக்கம் அங்கே வந்தது. முதல் பெரிய படம் புரூக்ளின் பாலத்தைப் பற்றியது, 1981இல் வெளியாகி ஆஸ்கர் பரிந்துரை வரை போனது. அதற்குப் பணம் கேட்டு அலைந்த காலத்தில் வந்த மறுப்புக் கடிதங்களை அவர் கோப்புகளாகச் சேர்த்து மேஜையிலேயே வைத்திருந்தார். அமெரிக்காவில் புரூக்ளின் பாலத்தை விற்பது என்றால் ஏமாளி தலையில் கட்டுவது என்று அர்த்தம். நம் ஊரில் சென்ட்ரல் ஸ்டேஷனை விலைபேசுவது போல. இருபது சொச்சம் வயசுப் பையன் போய் அதே பாலத்துக்குப் பணம் கேட்டால் சிரிக்கத்தானே செய்வார்கள்? செலவைக் குறைக்க 1979இல் நியூ ஹாம்ப்ஷயரில் வால்போல் என்ற சிற்றூருக்குக் குடிபோனார். பேரும் புகழும் வந்த பிறகும் அந்த ஊரை விடவில்லை.

1990 செப்டம்பரில் தொடர்ந்து 5 இரவுகள் ஒளிபரப்பான ‘தி சிவில் வார்’ அவரை வீட்டுக்கு வீடு கொண்டுசேர்த்தது. 9 பகுதிகள், பதினோரு மணி நேரத்துக்கு மேல். ஏறத்தாழ 4 கோடி பேர் பார்த்தார்கள் என்று கணக்கு. நான்காண்டுப் போரைப் படமாக்க அவருக்கு அதைவிட அதிகக் காலம் பிடித்தது.

அந்தப் போர் நடந்த 1861 முதல் 1865 வரையான காலத்தில் சினிமா கிடையாது. கேமரா உண்டு. ஆனால் கண்ணாடித் தகட்டில் ரசாயனம் பூசி, ஈரம் காய்வதற்குள் படமெடுத்துக் கழுவியாக வேண்டிய காலம் அது. அசைகிற எதுவும் அதில் பதியாது, புகைமாதிரிக் கலைந்துவிடும். அதனால் மாத்யூ பிரேடியின் ஆட்களும் அலெக்சாண்டர் கார்ட்னரும் எடுத்தவற்றில் சண்டை இல்லை. சண்டைக்கு முன்னால் விறைத்து உட்கார்ந்திருக்கும் சிப்பாய்கள் இருக்கிறார்கள், சண்டைக்குப் பின் வேலியோரம் கிடக்கும் பிணங்கள் இருக்கின்றன. நடுவில் இருப்பது, அதாவது போர், எந்தப் படத்திலும் இல்லை.

பர்ன்ஸ் அந்த இடைவெளியில்தான் வேலை செய்தார். ஒரு புகைப்படத்தைப் பலகையில் குத்திவைத்து, நடிகர்கள் நிற்கும் செட்டைப் படம்பிடிப்பது போலவே பிடிப்பார்: முதலில் முழுக் காட்சி, பிறகு ஒரு வரிசை, பிறகு ஒரு கை, அந்தக் கை பிடித்திருக்கும் தொப்பி. இப்படி ஆயிரக்கணக்கான பழைய படங்கள். பிறகு படத்துக்குள் காதை வைப்பார். பீரங்கி, குதிரைக் குளம்பு, வெட்டுக்கிளி எனச் சத்தங்கள் சேரும். இசையைக்கூடப் படத்தொகுப்பு முடிந்த பின் ஒட்டுவதில்லை. முதலிலேயே பதிவு செய்துவைத்து, அதன் மூச்சுக்கு ஏற்பப் படத்தை வெட்டுவார். இந்த வித்தையை அவர் கண்டுபிடிக்கவில்லை. கனடாவின் ‘சிட்டி ஆஃப் கோல்ட்’ என்ற 1957ஆம் ஆண்டுக் குறும்படத்துக்குத் தாம் கடன்பட்டிருப்பதை மறைக்காமல் சொல்லியிருக்கிறார். அரை மணி நேரத்துக்கும் குறைவான ஒரு படத்தின் வித்தையைப் பதினோரு மணி நேரம் தாங்கும்படி செய்தது மட்டும் அவருடைய சொந்தச் சரக்கு.

லான்ஸ்மானின் இல்லாமை இதைவிட முற்றியது. யூதர்கள் பட்ட கொடுமைக்குப் படம் இருக்கிறதே என்று நமக்குத் தோன்றும். நாம் பார்த்திருக்கும் கறுப்பு வெள்ளைப் படச்சுருள்களில் பெரும்பாலானவை 1945இல் நேச நாட்டுப் படைகள் முகாம்களுக்குள் நுழைந்தபோது எடுத்தவை. கொல்வதற்கென்றே கட்டப்பட்ட ட்ரெப்ளிங்கா, சோபிபோர், பெல்ஜெக் போன்ற இடங்களை நாஜிகள் 1943லேயே இடித்துத் தரைமட்டமாக்கி மரம் நட்டு மறைத்துவிட்டார்கள். நச்சுவாயு அறைக்குள் நடந்ததற்கு ஒரு அடி படச்சுருளும் இல்லை. அலன் ரெனே 1956இல் பழைய படங்களைச் சேர்த்து முகாம்களைப் பற்றி அரைமணி நேரப் படம் ஒன்றை எடுத்திருந்தார், நல்ல படம். லான்ஸ்மான் அந்த வழியே வேண்டாம் என்று முடிவெடுத்தார். ‘ஷோவா’வில் ஒரு பழைய புகைப்படம், ஒரு செய்திப்படத் துண்டு கிடையாது. எழுபதுகளில் எடுத்த காடு, ரயில், புல்வெளி, மனித முகங்கள் மட்டுமே.

அந்தப் படத்துக்கான யோசனை இஸ்ரேல் வெளியுறவு அமைச்சகத்திலிருந்து வந்தது. இரண்டு மணி நேரப் படம், பதினெட்டு மாதத்தில் கையில் வேண்டும் என்பது பேச்சு. அது எப்படிப் பன்னிரண்டு ஆண்டாக நீண்டது என்பது தனிக் கதை. பணம் கொடுத்தவர்களிடம் இதோ முடியப்போகிறது என்று பொய் சொல்லிச் சொல்லியே காலத்தை ஓட்டினார். இருநூறு மணி நேரத்துக்கு மேல் எடுத்துக் குவித்ததைத் தொகுப்பதற்கு மட்டும் சீவா போஸ்டெக் என்ற பெண்மணி ஐந்தாண்டுக்கு மேல் உட்கார்ந்தார். படத்தின் புகழில் அவருக்கு உரிய பங்கு போய்ச் சேரவில்லை என்பது என் எண்ணம்.

இருவரும் நேருக்கு நேர் மோதும் இடம் ஒன்று உண்டு. இரண்டு கடிதங்கள்.

‘தி சிவில் வார்’ முதல் பகுதியின் முடிவில் சல்லிவன் பல்லூ என்ற ரோட் ஐலண்ட் மேஜர் தன் மனைவி சாராவுக்கு எழுதிய கடிதம் வாசிக்கப்படுகிறது. 1861 ஜூலை 14 தேதியிட்டது. ஒரு வாரத்தில் புல் ரன் சண்டையில் அடிபட்டு, சில நாள்களில் இறந்தார். பால் ரோப்ளிங் என்ற நடிகர் வாசிக்கிறார், கீழே ஜே அங்கரின் ‘அஷோகன் ஃபேர்வெல்’ வயலினில் இழைகிறது. திரையில் அந்தக் காலத்து முகங்கள் ஒவ்வொன்றாக மெதுவாக நெருங்கி வருகின்றன. மூன்று நிமிடம் சொச்சம். கல்லும் கரையும் என்பார்களே, அந்த வகை. அதைக் கேட்டு அழாத அமெரிக்க வீடு இல்லை என்பது மாதிரிப் பேச்சு அன்று எழுந்தது. அந்த வயலின் மெட்டு போர்க்காலத்துப் பாட்டு என்று நம்பியவர்கள் ஏராளம். அது 1982இல் போடப்பட்டது. கடிதமும் சுருக்கப்பட்டதுதான். பல்லூ தன் கைப்பட எழுதிய தாள் இன்று இல்லை, பிரதிகள்தான் இருக்கின்றன. ஆக, அசல் இல்லாத ஒரு கடிதம், பிற்காலத்து இசை, பெரும்பாலும் வேறு யாருடையவோ முகங்கள். மூன்றும் சேர்ந்து ஒரு மனிதனை எழுப்பி உட்காரவைக்கின்றன. இது மோசடியா என்று என்னைக் கேட்டால் இல்லை என்பேன். ஆனால் எந்த இடத்தில் சரித்திரம் முடிந்து எந்த இடத்தில் சமையல் தொடங்குகிறது என்பதைப் பார்வையாளன் கண்டுபிடிக்க முடியாதபடி அத்தனை பக்குவமாகக் கலந்திருக்கிறது.

‘ஷோவா’ முதல் பாகத்தின் முடிவிலும் ஒரு கடிதம். 1942 ஜூன் 5 தேதியிட்ட நாஜி அலுவலகக் குறிப்பு. புகையை உள்ளே விட்டு ஆட்களைக் கொல்லும் மூடு வண்டிகளில் செய்ய வேண்டிய தொழில்நுட்பத் திருத்தங்களைப் பற்றியது. சரக்கு ஏற்றும் இடத்தின் நீளத்தைக் குறைப்பது, விளக்குக்குக் கம்பிக் கூண்டு போடுவது, கழுவித் தள்ளத் தரையில் வடிகால் வைப்பது. முந்தைய டிசம்பரிலிருந்து மூன்று வண்டிகளைக் கொண்டு 97,000 கையாளப்பட்டதாகவும் வண்டிகளில் கோளாறு எதுவும் தென்படவில்லை என்றும் குறிப்பு சொல்கிறது. எது 97,000 என்ற சொல் அந்த வாக்கியத்தில் இல்லை. எண்ணுக்குப் பின்னால் வர வேண்டிய பெயர்ச்சொல்லை எழுதியவன் விட்டுவிட்டான். லான்ஸ்மான் இதைத் தானே வாசிக்கிறார், ஏற்ற இறக்கமில்லாமல். இசை இல்லை. திரையில் ஜெர்மனியின் ரூர் தொழிற்பேட்டைப் பகுதி. புகைபோக்கிகள், நெடுஞ்சாலை, லாரிகள். கடைசியில் ஒரு லாரியின் முகப்பில் சாவ்ரெர் என்ற கம்பெனிப் பெயர். அந்தக் கொலை வண்டிகளைச் செய்த அதே பெயர், எழுபதுகளின் சாலையில் சாதாரணமாகப் போய்க்கொண்டிருக்கிறது.

இருவரும் செய்தது ஒன்றுதான்: ஒரு தாளைச் சத்தமாக வாசித்தார்கள். பர்ன்ஸ் தாளுக்கு இல்லாத முகத்தைக் கொடுத்தார். லான்ஸ்மான் தாளில் யாருக்கும் முகம் இல்லாததையே காட்டினார். முதலாவதைப் பார்த்து எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்தது. இரண்டாவதைப் பார்த்த பிறகு சாலையில் போகும் மூடு லாரியைக் கொஞ்ச நாள் வேறு மாதிரிதான் பார்த்தேன்.

கதைசொல்லி விஷயத்திலும் இருவரும் எதிரெதிர்த் திசை. பர்ன்ஸ் படத்தில் எல்லாம் தெரிந்த ஒரு குரல் கூடவே நடந்து வரும். போர்ப் படத்தில் அது வரலாற்றாசிரியர் டேவிட் மெக்கல்லோவின் குரல், திண்ணையில் உட்கார்ந்து கதை சொல்லும் தாத்தாவுடையது போல. லிங்கனுக்கு சாம் வாட்டர்ஸ்டன், ஃபிரெடெரிக் டக்ளஸுக்கு மார்கன் ஃப்ரீமன் என்று குரல் நடிகர்கள். ‘ஷோவா’வில் கதைசொல்லி கிடையாது. லான்ஸ்மானே சட்டகத்துக்குள் நின்று, சிகரெட்டும் கையுமாக, அற்பமான கேள்விகளைக் கேட்டுக்கொண்டே இருப்பார். எத்தனை அடி தூரம்? வண்டி என்ன நிறம்? குளிராக இருந்ததா? போலிஷ்காரர் பேசினால் மொழிபெயர்ப்பாளர் அதை பிரெஞ்சில் சொல்லும் நேரம் முழுவதும் படத்தில் அப்படியே விடப்பட்டிருக்கிறது. பதில் வரும்வரை நாமும் அந்த முகத்தையே பார்த்துக்கொண்டு நிற்க வேண்டியதுதான். முதல் தடவை பார்த்தபோது எரிச்சலாக இருந்தது எனக்கு. இந்த எரிச்சலுக்குள்தான் படம் இருக்கிறது என்பது மூன்றாவது மணி நேரத்தில் பிடிபட்டது.

ஆப்ரஹாம் போம்பா என்ற முடிதிருத்துநர். ட்ரெப்ளிங்காவில் நச்சுவாயு அறைக்குள் பெண்களின் முடியை வெட்டும் வேலையில் நிறுத்தப்பட்டவர். லான்ஸ்மான் படமெடுக்கத் தேடிப்போனபோது தொழிலை விட்டு ஓய்வில் இருந்தார். நாற்காலியில் உட்காரவைத்துப் பேட்டி எடுத்திருக்கலாம். மாறாக, இஸ்ரேலில் ஒரு சலூனை வாடகைக்கு எடுத்து, அவர் கையில் கத்தரிக்கோலைக் கொடுத்து, ஒரு நண்பரை வாடிக்கையாளராக உட்காரவைத்தார். கத்தரிக்கோல் கிளிக் கிளிக் என்று ஓடிக்கொண்டே இருக்கும். முடி பெரிதாக விழுவதில்லை. உற்றுப் பார்த்தால் தெரியும், வெட்டுவது பாவனைதான். பேச்சு முதலில் தொழில்காரரின் கணக்கு வழக்காகத்தான் போகும். எத்தனை பேர், எத்தனை நிமிடம், எந்தக் கத்தரி. அவரோடு நின்ற இன்னொரு முடிதிருத்துநரின் மனைவியும் சகோதரியும் அந்த அறைக்குள் வந்ததைச் சொல்லத் தொடங்கும் இடத்தில் நின்றுவிடுகிறார். துண்டால் முகத்தைத் துடைக்கிறார். முடியாது என்கிறார். சொல்லியே ஆக வேண்டும் என்று லான்ஸ்மான் தணிந்த குரலில் வற்புறுத்துகிறார். சில நிமிடங்கள் அப்படியே போகின்றன, கேமராவும் நகர்வதில்லை.

இது கொடுமை என்று எழுதியவர்கள் உண்டு. எனக்கும் பாதி அப்படித் தோன்றும். ஆனால் இதைச் செய்தவருக்கு ஒரே ஒரு உத்திதான் தெரியும் என்று யாராலும் சொல்ல முடியாது. ட்ரெப்ளிங்காவில் எஸ்.எஸ். ஆளாக இருந்த ஃபிரான்ஸ் சூகொமெலிடம் அவர் வேறு ஆள்: போலிப் பெயரில் ஆராய்ச்சியாளர் வேஷம், பைக்குள் ஒளித்துவைத்த சின்னக் கேமரா, வெளியே நின்ற வேனில் சிக்னலைப் பிடிக்கும் குழு. பெயரை வெளியிடமாட்டேன் என்று அந்த ஆளுக்கு வாக்குக் கொடுத்ததையும் படத்தில் வைத்தார், பெயரையும் வைத்தார். இன்னொரு நாஜி வீட்டில் இதே தந்திரம் அம்பலமாகி அடி வாங்கினார். ட்ரெப்ளிங்காவுக்கு ரயில் ஓட்டிய ஹென்ரிக் கவ்கோவ்ஸ்கியிடம் கேள்விக்குப் பதில் ஒரு ரயில் எஞ்சினையே வாடகைக்கு எடுத்துக் கொடுத்தார். அந்த ஆள் தலையை வெளியே நீட்டி, ஸ்டேஷன் பலகை நெருங்கும்போது கழுத்தின் குறுக்கே விரலை இழுத்துக் காட்டினார். வரலாற்றாசிரியர் ரவுல் ஹில்பெர்கிடம் கொடுத்தது ஒரு ரயில் உத்தரவுத் தாள்.

எல்லாவற்றையும்விட என்னை உலுக்கியது போலந்தின் ஹெல்ம்னோ கிராமத்துச் சர்ச் வாசல். சிமோன் ஸ்ரெப்னிக் 13 வயதில் அந்த ஊர் முகாமில் அடிமையாக இருந்தவர். ஆற்றில் படகு தள்ளிக்கொண்டு பாடவைப்பார்கள், ஊரே கேட்கும். சோவியத் படை வருவதற்கு இரண்டு நாள் முன்பு தலையில் சுட்டார்கள், பிழைத்துவிட்டார். லான்ஸ்மான் அவரை இஸ்ரேலிலிருந்து அழைத்துவந்து, திருவிழா நாளில் ஊர்க்காரர்கள் நடுவில் நிறுத்துகிறார். எல்லோருக்கும் அவரைத் தெரியும், தோளைத் தட்டுகிறார்கள், சந்தோஷப்படுகிறார்கள். பேச்சு வளர வளர, யூதர்களுக்கு இது ஏன் நேர்ந்தது என்று ஆளாளுக்கு விளக்கம் கிளம்புகிறது, ஏசுவைக் கொன்ற பழி வரைக்கும். நடுவில் ஸ்ரெப்னிக் ஒரு வார்த்தை பேசாமல் லேசாகச் சிரித்துக்கொண்டே நிற்கிறார். அந்தச் சிரிப்பைக் குரல் நடிகர் யாரும் வாசிக்க முடியாது. போலந்து அரசு இந்தப் படத்துக்குக் கடும் எதிர்ப்புத் தெரிவித்தது. போலந்து மக்களை ஒரே வண்ணத்தில் தீட்டிவிட்டார் என்ற குறை முழுக்கத் தவறு என்று நான் சொல்லமாட்டேன்.

பர்ன்ஸ் மேல் உள்ள குறையும் லேசானதல்ல. உள்நாட்டுப் போர்ப் படத்தில் அதிகம் பேசுகிறவர் மிசிசிப்பி நாவலாசிரியர் ஷெல்பி ஃபுட். தேன் சொட்டும் தென்னாட்டுப் பேச்சு, தளபதிகளைப் பற்றிக் குட்டிக் குட்டிக் கதைகள். அடிமைமுறைதான் போரின் மையம், அதன் கணக்கு இன்னும் தீரவில்லை என்று பேசும் வரலாற்றாசிரியர் பார்பரா ஃபீல்ட்ஸுக்குக் கிடைத்த நேரம் அதைவிடக் குறைவு. கடைசியில் இரு தரப்பு வீரர்களும் கிழவர்களாகிக் கெட்டிஸ்பர்க்கில் கைகுலுக்கும்போது, அண்ணன் தம்பி சண்டை ஒன்று சமாதானமாக முடிந்த நிறைவு வருகிறது. விடுதலை பெற்ற கறுப்பர்களுக்குப் போருக்குப் பின் என்ன ஆயிற்று என்பது அந்த நிறைவில் காணாமல் போகிறது. எரிக் ஃபோனர் உள்ளிட்ட வரலாற்றாசிரியர்கள் 1996இல் தனிப் புத்தகமாகவே இதற்குப் பதில் எழுதினார்கள். வயலின் எல்லோரையும் சேர்த்து அழவைக்கும், அதுதான் அதன் பலமும் ஆபத்தும்.

படம் தாராளமாகக் கிடைக்கும் காலத்துக்கு வந்ததும் பர்ன்ஸ் பல இடங்களில் சோர்ந்துபோகிறார் என்பது என் அபிப்பிராயம். இரண்டாம் உலகப் போர் பற்றிய 2007ஆம் ஆண்டுத் தொடரில் படச்சுருளுக்குப் பஞ்சமே இல்லை. லத்தீன் அமெரிக்க வம்சாவளி வீரர்களை விட்டுவிட்டார் என்ற எதிர்ப்பு வந்து, பிறகு சேர்த்தார். லின் நோவிக்கோடு சேர்ந்து எடுத்த ‘வியட்நாம் வார்’ (2017) விதிவிலக்கு. அங்கே அமெரிக்கர்களிடம் இல்லாதது எதிரியின் குரல். பாவ் நின் போன்ற வியட்நாமிய எழுத்தாளர்களும் சாதாரணச் சிப்பாய்களும் வந்து உட்கார்ந்து பேசியபோது பர்ன்ஸுக்குப் பழைய சுறுசுறுப்பு திரும்பியது. 2025 நவம்பரில் வந்த அமெரிக்கப் புரட்சித் தொடருக்குப் புகைப்படமே கிடையாது. பதினெட்டாம் நூற்றாண்டு. ஓவியங்கள், வரைபடங்கள், அந்தக் கால உடையில் போர் நடித்துக் காட்டும் குழுக்கள் என்று வேறு வழி தேட வேண்டியிருந்தது. எழுபது வயதுக்கு மேல் இது நல்ல தண்டனைதான்.

தங்கள் விதியைத் தாங்களே உடைத்த இடங்களில்தான் இருவரும் எனக்கு நெருக்கமாகிறார்கள். 2012இல் பர்ன்ஸ் தன் மகள் சாரா, டேவிட் மக்மேன் ஆகியோரோடு ‘தி சென்ட்ரல் பார்க் ஃபைவ்’ எடுத்தார். செய்யாத குற்றத்துக்குச் சிறை போன ஐந்து பையன்களின் கதை. தாத்தாக் குரல் இல்லை. அந்த ஐவரே பேசினார்கள். நியூயார்க் நகர நிர்வாகம் படத்தில் சேராத பதிவுகளைக் கேட்டு நீதிமன்றம் போனது, நீதிபதி மறுத்துவிட்டார்.

லான்ஸ்மான் பழைய படங்களின் மேல் கொண்டிருந்த வெறுப்பு ஊரறிந்தது. ‘ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட்’ படம் வந்த சமயம், நச்சுவாயு அறைக்குள் நடந்ததை நாஜிகள் ரகசியமாக எடுத்த படம் கிடைத்தால் காட்டமாட்டேன், அழித்துவிடுவேன் என்றுகூட எழுதினார். ஆஷ்விட்ஸ் கைதிகள் உயிரைப் பணயம் வைத்து 1944இல் எடுத்த நான்கு புகைப்படங்களைப் பற்றி 2001இல் பாரிஸில் பெரிய சண்டை. லான்ஸ்மான் ஆசிரியராக இருந்த இதழ் தாக்க, கலை வரலாற்றாசிரியர் ஜார்ஜ் திதி ஹூபெர்மான் அந்தப் படங்களுக்காக ஒரு நூலே எழுதினார். இதில் நான் திதி ஹூபெர்மான் பக்கம். சாகப்போகிற ஒருவன் வெளியே போய்ச் சேரட்டும் என்று எடுத்த படத்தைப் பார்க்காமல் இருப்பதற்கு நமக்கு என்ன தகுதி? அப்படிப்பட்ட லான்ஸ்மான் 87 வயதில் எடுத்த ‘தி லாஸ்ட் ஆஃப் தி அன்ஜஸ்ட்’ படத்தில், தெரேசின் கெட்டோவில் நாஜிகள் எடுத்த பிரச்சாரப் படத்தின் துண்டை, இது ஜோடனை என்று எழுதிக் காட்டி, சேர்த்துக்கொண்டார். கூடவே, கையில் தாளோடு, தளர்ந்த நடையோடு, அந்த ஊருக்கு அருகிலுள்ள ரயில் நிலையத்தில் தானே வந்து நின்றார்.

பிந்தைய படங்களில் பலவற்றை அவர் ‘ஷோவா’வில் இடம்பெறாத பேட்டிகளிலிருந்தே செய்தார். மீதி இருந்த பதிவுகளை வாஷிங்டனில் உள்ள ஹோலோகாஸ்ட் நினைவு அருங்காட்சியகம் 1996இல் வாங்கிச் செப்பனிட்டுப் பாதுகாக்கிறது. பர்ன்ஸ் 2022இல் எடுத்த ‘தி யு.எஸ். அண்ட் தி ஹோலோகாஸ்ட்’ படத்துக்கு ஒரு தூண்டுதலாக இருந்ததும் அதே அருங்காட்சியகம் வைத்த கண்காட்சிதான். ஆவணப் படச்சுருளே வேண்டாம் என்ற லான்ஸ்மானே ஆவணக் காப்பகமாகிவிட்டார். 2025 பெர்லின் திரைப்பட விழாவில் கியோம் ரிபோ என்பவர் அந்த மீதிச் சுருள்களிலிருந்தே லான்ஸ்மானைப் பற்றிய ஒரு படத்தைச் செய்து காட்டினார்.

அந்தப் பதிவுகளில் பலவற்றை அருங்காட்சியகத்தின் இணையதளத்தில் யாரும் பார்க்கலாம். 16 எம்.எம். சுருள் ஒன்று ஏறத்தாழ 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும். கேமராமேன் அடுத்த சுருளை மாட்டுவதற்குள் ஒலிப்பதிவு மட்டும் ஓடிக்கொண்டிருக்கும். சாட்சி பேச்சை நிறுத்துவதில்லை. திரை கறுப்பாகிவிடுகிறது. நாற்காலி கிறீச்சிடுவதும் யாரோ இருமுவதும் கேட்கிறது. அந்தக் கறுப்புக்குள்ளிருந்து குரல் சொல்லிக்கொண்டே போகிறது.